மிளகு வேண்டுமா

முப்பத்தேழு இரவுகள்
லெக்சோ அவளுக்கு வாயாடியாக இருந்தான்.
இரவு மருந்துக்கடையில், இருமல் மருந்துகளுக்கு நடுவே நின்று
நுட்ஸா சிரித்ததைப் பார்த்து
காய்ச்சல்காரர் ஒருவர் கோபித்துக்கொண்டு போனார்.
அவன் லிஃப்ட் பழுதுபார்ப்பவன்.
காசு போட்டால்தான் ஏறும் திபிலீசியின் கிழட்டு லிஃப்டுகள்,
அவற்றின் உண்டியலில் சிக்கிய சட்டைப் பொத்தான்கள்,
எட்டாம் மாடிக்கும் ஒன்பதாம் மாடிக்கும் நடுவில் மாட்டி
சண்டையைப் பேசி முடித்துக்கொண்ட தம்பதி,
எல்லாம் எழுத்தில் வந்தன,
காற்புள்ளிக்குக்கூட நிற்காமல்.

பேசலாமா என்று அவள் கேட்ட இரண்டு தடவையும்
குழிக்குள் இருக்கிறேன், சிக்னல் இல்லை என்று எழுதினான்.
சிக்னல் இல்லாத குழியிலிருந்து
அந்தச் செய்தி எப்படி ஏறி வந்தது என்று
அவள் யோசிக்கவில்லை.
யோசித்தாள். விட்டுவிட்டாள்.

நவம்பர் மழை. மர்ஜானிஷ்விலி மெட்ரோவுக்குப் பின்னால்
கண்ணாடியில் ஆவி படிந்த கடை.
படத்தில் இருந்ததைவிடக் காது பெரிது அவனுக்கு.
எழுந்தான். கை நீட்டினான்.
"நு" என்றான்.
"நு, நு" என்றான்.
கழுத்து நரம்பு புடைத்தது. கண் மூடிக்கொண்டது.
பக்கத்து மேசையில் ஒருவர் முள்கரண்டியைக் கீழே வைத்தார்.

தன் பெயர் இவ்வளவு கனமா?

உட்கார்ந்தார்கள். மேசைக்கடியில் அவன் கட்டைவிரல்கள் ஓடின.
அவள் கைப்பைக்குள் அதிர்ந்தது:
"இதைத்தான் சொல்லாமல் வைத்திருந்தேன்.
இப்போது கை கழுவப் போகிறேன்,
போவதென்றால் அதற்குள் போய்விடு.
குடையை மறந்துவிடாதே."
எந்தக் கோபுரத்தையோ தொட்டுத் திரும்பி
அரை மீட்டர் தூரம் வந்த செய்தி.

கோபம் வந்தது. நிஜமாகவே வந்தது.
அந்த வாயாடி எங்கே?
அவனைப் பார்க்கத்தானே புதுச் செருப்பு நனைய நனைய வந்தாள்.

கை கழுவி அவன் வந்தபோது
பாதி பதில் எழுதியிருந்தாள். என்ன பதில் என்று தெரியாது,
அதற்குள் கின்காலி வந்துவிட்டது.
கொழுக்கட்டை மாதிரி, ஆனால் குடுமி வைத்தது.
குடுமியைப் பிடித்துத் தலைகீழாக்கி
ஓரத்தைக் கடித்துச் சாற்றை உறிஞ்ச வேண்டும்.
கரண்டி ஆகாது.
சாறு மணிக்கட்டுவரை வழிந்தது.
பிசுக்கேறிய விரலைத் திரைக்கு அடையாளம் தெரியவில்லை,
அவளுடையதையும், அவனுடையதையும்.
இனி வாய்தான்.

இதை எழுதுகிற என் மொழியில் ஓர் எழுத்து உண்டு.
மூன்று புள்ளி.
முன்னால் ஒரு குறில் வேண்டும், பின்னால் ஒரு வல்லினம்,
நடுவே தொண்டையில் கொஞ்சம் காற்று.
நு குறில். ட் வல்லினம்.
அவள் பெயருக்குள்ளேயே இடம் இருந்தது.

அவன் எழுதிக்கொண்டிருக்கிறான் என்று
திரையில் துள்ளிய மூன்று புள்ளிகளை
எத்தனை இரவு பார்த்திருப்பாள்.
தோன்றும், மறையும், மறுபடி தோன்றும்.
அவள் எழுந்து போனதில்லை.
அவன் வாக்கியத்தைத் தானே முடித்து வைத்ததும் இல்லை.

இப்போது அவை அவன் தொண்டையில்.

"மி" என்றான்.
கன்னத்தில் கை வைக்கப் போனாள். பிசுக்கு. இறக்கிவிட்டாள்.
"மி, மி"
யாரோ கதவைத் திறந்தார்கள், குளிர் வந்தது, மூடினார்கள்.
"மி"
"மிளகு வேண்டுமா?"

வேண்டும் என்றாள்.
மிளகுத்தூள் அவள் கையருகில்தான் இருந்தது.

மெட்ரோவின் நெடும்படிகள் அவளைக் கீழே கொண்டுபோகையில்
வாயாடி திரும்பி வந்துவிட்டான்:
"தட்டில் உன் குடுமி ஆறு, என்னுடையது ஐந்து.
லிஃப்ட்காரனை ஒரு மருந்துக்காரி தோற்கடித்தாள் என்று
ஊரில் யாரிடமும் சொல்லாதே."
சிரித்தாள்.
பதில் எழுதவில்லை. அழைத்தாள்.

எடுத்தான்.
மூச்சு மட்டும்.
ஒரு நிலையம். இன்னொன்று.
மூன்றாவது அவளுடையது.
கதவு திறந்தது, மணி அடித்தது, மூடியது.
உட்கார்ந்தே இருந்தாள்,
அந்தப் பக்கம் "நு" தொடங்கியிருந்தது.